பால்கே: பேசாப் படத்தின் பிதாமகர்

இந்திய சினிமாவின் தந்தை எனப் போற்றப்படும் தாதாசாகேப் பால்கே, நாசிக் அருகேயுள்ள திரிம்பக்கில் 1870 ஆம் ஆண்டு பிறந்தவர். ஓவியம், புகைப்படம், அச்சுக்கலை, மாயவித்தை எனப் பல கலைகளிலும் தேர்ந்த அவர், இயேசுநாதரின் வாழ்வைச் சித்திரித்த மௌனப்படமொன்றைக் கண்ட பின்னர் திரைப்படமே தமது பணியெனத் துணிந்தார். ஆயுட் காப்புறுதியை ஈடுவைத்து, 1912 இல் லண்டன் சென்று தொழில்நுட்பம் பயின்று திரும்பினார்.

1913 மே 3 ஆம் திகதி பம்பாயில் 'ராஜா ஹரிச்சந்திரா' திரையிடப்பட்டது. நடிக்கப் பெண்கள் முன்வராமையால் சாளுங்கே என்ற ஆடவரே தாரமதியாகத் தோன்றினார். 1917 இல் வெளியான 'லங்கா தகன'த்தில் இராமரும் சீதையும் அவரே. மனைவி சரஸ்வதிபாய் படச்சுருள்களைக் கழுவுவது முதல் குழுவினருக்குச் சமைப்பது வரை தோள்கொடுத்தார்.

1931 இல் பேசும்படம் வந்தபோது பால்கேயின் காலம் மங்கியது. 1937 இல் வெளியான 'கங்காவதரண'த்துடன் அவரது திரைப்பணி முடிவுற்றது. 1944 இல் நாசிக்கில் காலமானார்.

இந்திய அரசு 1969 முதல் அவர் பெயரில் உயர் விருதொன்றை வழங்கி வருகின்றது. ஆயினும் அவரது படங்களிற் பெரும்பாலானவை அழிந்துபோயின. கலைஞனின் பெயரைக் காப்பது மட்டும் போதாது. அவனது படைப்பையும் காப்பதே மெய்யான மரியாதை என்பதை நாம் உணர்தல் வேண்டும்.