எடித் கவெல் அம்மையார்

இங்கிலாந்தில் நார்விச் நகருக்கணித்தான சுவார்டெஸ்டன் என்னும் சிற்றூரில், 1865-ஆம் ஆண்டு டிசம்பர் 4-ஆம் நாள், குருவானவர் ஒருவரின் மூத்த புதல்வியாக இவ்வம்மையார் பிறந்தார். லண்டன் வைத்தியசாலையில் பயிற்சி பெற்று, 1907-இல் பெல்ஜியத் தலைநகராகிய பிரஸ்ஸெல்ஸில் தாதியர் பள்ளியின் தலைமையேற்றார்.

1914-இல் யுத்தம் மூண்டபோது, அன்னையைக் காணத் தாய்நாடு வந்திருந்த அம்மையார், அபாயம் அறிந்தும் தம் கடமைக்குத் திரும்பினார். ஜெர்மானியர் அந்நகரைக் கைப்பற்றினர். காயமுற்றோர்க்குப் பகைவர் நண்பர் என்னும் பேதமின்றிச் சிகிச்சை செய்தார். அன்றியும், நேசநாட்டு வீரர் முதலியோர் ஏறக்குறைய 200 பேர் ஹாலந்துக்குத் தப்பிச் செல்லத் துணைபுரிந்தார். 1915 ஆகஸ்டில் சிறைப்பட்டார். விசாரணையில் பொய்யுரைத்து உயிர்காக்க முயன்றாரல்லர், செய்ததை ஒப்புக்கொண்டார். மரணதண்டனைக்கு முந்திய இரவில் நற்கருணை பெற்று, எவர்மீதும் கசப்பின்றி அமைதியுற்றிருந்தார். அக்டோபர் 12-ஆம் நாள் வைகறையில் சுடப்பட்டு மாண்டார்.

இவர் சரித்திரத்தை ஹெர்பர்ட் வில்காக்ஸ் என்பார் 1928-இல் மௌனப்படமாகவும், 1939-இல் ஆனா நீகிள் நடித்த பேசும்படமாகவும் எடுத்தார். பேசும்படம் வெளிவந்த ஆண்டிலேயே ஐரோப்பா மறுபடியும் யுத்தத்தில் வீழ்ந்தது. நாட்டை நேசித்தும் மாற்றாரைப் பகையாதிருத்தல் அரிது. அவ்வரிய நெறியில் நின்றே அம்மையார் உயிர்நீத்தார்.