உழைப்பால் உயர்ந்த ஆட்டவீரர் கிறிஸ்டி ரிங்

நாடாண்ட மன்னர்களையும் போர்க்களத்தில் வென்ற தளபதிகளையும் அரிய நூல்களை யாத்த அறிஞர்களையும் பற்றி நம் மாணவர்கள் பாடநூல்களில் படித்திருப்பார்கள். இங்கே நாம் கூறப்புகும் பெருமகனார் மன்னரும் அல்லர், தளபதியும் அல்லர். பிழைப்புக்காக லோரி ஓட்டிய ஒரு தொழிலாளி அவர். எனினும் அவர் மறைந்தபோது நாட்டின் பிரதமரே கல்லறையருகில் நின்று இரங்கலுரை ஆற்றினார். அவர்தாம் அயர்லாந்து நாட்டின் ஆட்டவீரர் கிறிஸ்டி ரிங்.

அவருடைய பெருமையை உணர வேண்டுமாயின் முதலில் அவர் ஆடிய ஆட்டத்தைப் பற்றிச் சிறிது அறிதல் வேண்டும். இங்கிலாந்துக்கு மேற்கே கடல் சூழ்ந்த தீவு அயர்லாந்து. அத்தீவில் 32 மாவட்டங்கள் உள்ளன. அங்குப் பல நூற்றாண்டுகளாக ஆடப்பட்டுவரும் ஆட்டம் ஹர்லிங் என்பதாகும். நம் பிள்ளைகள் ஆடும் வளைகோற்பந்தினை அது ஒருவாறு ஒத்திருக்கும். ஆயினும் அதனினும் விரைவானது, கடினமானது. ஒவ்வொரு குழுவிலும் பதினைவர் ஆடுவர். ஆஷ் என்னும் மரத்தால் செய்த, நுனி அகன்று தட்டையான கோலைக் கையில் ஏந்தியிருப்பர். தோலால் தைத்த சிறு பந்தினைத் தரையில் அடிக்கலாம். வானில் பறக்கும்போதும் அடிக்கலாம். கோலின் நுனியில் தாங்கிக்கொண்டே ஓடவும் செய்யலாம். கோல்கம்பங்களுக்கு இடையே, குறுக்குச் சட்டத்துக்குக் கீழே பந்தைச் செலுத்தினால் ஒரு கோல். அது மூன்று புள்ளிக்குச் சமம். சட்டத்துக்கு மேலே செலுத்தினால் ஒரு புள்ளி.

இவ்வாட்டத்தை நடத்தும் கேலிக் விளையாட்டுச் சங்கம் 1884ஆம் ஆண்டில் தர்லஸ் என்னும் ஊரில் தோற்றுவிக்கப்பட்டது. அச்சங்கத்தின் அடிப்படைக் கொள்கை ஒன்றை நாம் மனத்தில் இருத்த வேண்டும். ஆட்டக்காரருக்கு ஆடுவதற்கென ஊதியம் கிடையாது. எண்பதாயிரம் பேர் கண்டு ஆரவாரிக்கும் இறுதியாட்டத்தில் வென்றவரும் மறுநாள் தம் வயலுக்கோ பட்டறைக்கோ அலுவலகத்துக்கோ திரும்பித் தம் வேலையைப் பார்த்தாக வேண்டும். முதலில் ஊர்க் கழகம், அதில் சிறந்து விளங்கினால் மாவட்டக் குழு, அதிலும் சிறந்தால் மாநிலக் குழு என்று ஒருவர் படிப்படியாக உயர்வது அந்நாளைய வழக்கம்.

கிறிஸ்டி ரிங் 1920ஆம் ஆண்டு அக்டோபர் 30ஆம் நாள், அயர்லாந்தின் தென்பகுதியில் உள்ள கோர்க் மாவட்டத்தில், குளோயின் என்னும் சிற்றூரை அடுத்துப் பிறந்தார். எளிய குடும்பம். பள்ளிப் படிப்பை இளவயதிலேயே முடித்துக்கொண்டு, அருகிலுள்ள மிடில்டன் நகரில் வண்டி பழுதுபார்க்கும் தொழிலைப் பழகினார். பதினாறு பதினேழு வயதிலேயே தந்தையை இழந்தார். அந்நாளில் அவரிடம் இருந்த செல்வமெல்லாம் கையில் ஓர் ஆட்டக்கோலும் அதனை ஓயாது பழகும் விடாமுயற்சியுமே ஆகும். 1938ஆம் ஆண்டில் பதினெட்டு வயதுக்குட்பட்டோருக்கான அகில அயர்லாந்துப் பட்டத்தைக் கோர்க் குழு வென்றபோது அவரும் அக்குழுவில் ஆடினார். அடுத்த ஆண்டே பெரியோர் குழுவில் இடம் பெற்றார்.

பிழைப்பை நாடி அவர் கோர்க் நகருக்குச் சென்று லோரி ஓட்டுநரானார். பின்னர் ஷெல் எண்ணெய் நிறுவனத்தின் எண்ணெய் லோரியை ஓட்டினார். 1941ஆம் ஆண்டு முதல் அந்நகரின் கிளென் ரோவர்ஸ் கழகத்துக்காக ஆடத் தொடங்கினார். வேலைக்குச் செல்லும்போதும் ஆட்டக்கோலை லோரியிலேயே வைத்திருப்பாராம். நண்பகல் ஓய்வு நேரத்திலும் பந்தை அடித்துப் பழகுவாராம். மதுவைத் தொடாதவர். நாளெல்லாம் உழைத்துக் களைத்தபின் இன்னும் ஒரு மணி நேரம் தனியே நின்று பயிற்சி செய்வதென்பது எளிய செயலன்று என்பதைத் தோட்டத்தில் உழைக்கும் நம் பெற்றோர்கள் நன்கு அறிவர்.

அவ்வுழைப்புக்குப் பயன் விரைவிலேயே கிட்டியது. கோர்க் குழு 1941, 1942, 1943, 1944 ஆகிய நான்கு ஆண்டுகளும் தொடர்ந்து அகில அயர்லாந்துப் பட்டத்தை வென்றது. அதற்குமுன் எந்த மாவட்டமும் ஹர்லிங்கில் தொடர்ந்து நான்கு முறை வென்றதில்லை. இவற்றுள் 1944ஆம் ஆண்டின் மன்ஸ்டர் மாநில இறுதியாட்டம் இன்றும் பேசப்படுகிறது. அது இரண்டாம் உலகப் போர்க் காலம். அயர்லாந்து போரில் சேரவில்லை. எனினும் பெட்ரோல் கிடைப்பது அரிதாயிருந்தது. மக்கள் பல்லாயிரவர் மிதிவண்டிகளிலேயே நெடுந்தூரம் பயணம் செய்து தர்லஸ் நகரை அடைந்தனர். லிமரிக் மாவட்டத்துடன் நடந்த அவ்வாட்டம் சமனில் முடிந்தது. இரு வாரம் கழித்து மறுபடியும் ஆடினர். அன்றும் முடிவு தெரியாமல் கடைசி நிமிடங்கள் ஓடிக்கொண்டிருந்தன. அப்போது ரிங் பந்தைத் தாங்கி ஓடி, வலிமையுடன் அடித்துக் கோலாக்கினார். கோர்க் வென்றது.

1946ஆம் ஆண்டில் அவர் மாவட்டக் குழுவின் தலைவரானார். கில்கெனி மாவட்டத்துடன் நடந்த இறுதியாட்டத்தில், முற்பாதி முடியும் தறுவாயில், தொலைவிலிருந்தே பந்தைக் கோலின் நுனியில் ஏந்திக்கொண்டு எதிரணியினரை ஒவ்வொருவராகக் கடந்து சென்று அவர் அடித்த கோல், ஹர்லிங் வரலாற்றின் புகழ்மிக்க கோல்களுள் ஒன்று. கோர்க் 7 கோலும் 5 புள்ளியும், கில்கெனி 3 கோலும் 8 புள்ளியும் பெற்றன.

ஆயினும் வாழ்க்கையில் ஏற்றம் மட்டுமே இருப்பதில்லை. அடுத்த ஆண்டின் இறுதியாட்டத்தில் அதே கில்கெனியிடம் ஒரே ஒரு புள்ளியில் கோர்க் தோற்றது. பின்னர் 1949, 1950, 1951 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் அண்டை மாவட்டமான டிப்பரரியே பட்டம் சூடியது. ரிங்கின் வயது முப்பதைத் தாண்டிவிட்டது. அவருடன் தொடக்கத்தில் ஆடிய தோழர் பலர் ஒதுங்கிவிட்டனர். அவரோ ஒதுங்கவில்லை. கழகத்தின் ஆடுகளத்துக்குப் போவதையும் நிறுத்தவில்லை. 1952, 1953, 1954 ஆகிய மூன்று ஆண்டுகளும் கோர்க் மீண்டும் தொடர்ந்து வென்றது. 1953லும் 1954லும் ரிங்கே குழுத்தலைவர். மூன்று முறை தலைமை ஏற்றுப் பட்டம் வென்ற மிகச் சிலருள் அவரும் ஒருவர். 1954ஆம் ஆண்டு இறுதியாட்டத்தைக் காண டப்ளின் நகரின் குரோக் பார்க் திடலில் 84,856 பேர் திரண்டனர். அன்று அவர் பெற்றது எட்டாவது பதக்கம். களத்தில் ஆடி எட்டுப் பதக்கம் பெற்ற முதல் வீரரும் அவரே.

அவர் குறையே இல்லாதவர் என்று நாம் கூறவில்லை. களத்தில் கடுமையானவர்; வெல்ல வேண்டும் என்ற வேட்கை மிக்கவர். 1953ஆம் ஆண்டு இறுதியாட்டத்தில் கால்வே மாவட்ட வீரர் ஒருவர் காயமுற்றபோது பழி ரிங்கின்மீது எழுந்தது. அதனால் விளைந்த மனக்கசப்பு ஆட்டம் முடிந்த பின்னும் நீடித்தது. இதனை மறைத்து எழுதுவது நேர்மையாகாது. ஆனால் அம்மனிதரின் உள்ளத்தை முழுமையாகக் காட்டும் நிகழ்ச்சி மூன்றாண்டு கழித்து நடந்தது. மாணவர்கள் அதனை ஊன்றிப் படிக்க வேண்டும்.

1956ஆம் ஆண்டு மன்ஸ்டர் இறுதியாட்டத்தில் லிமரிக்கிடம் பின்தங்கியிருந்த கோர்க் குழுவை, பிற்பாதியில் மூன்று கோல்களை அடித்து ரிங் மீட்டார். அவ்வாண்டு கோர்க் பகுதியில் இளம்பிள்ளை வாத நோய் பரவியதால் அகில அயர்லாந்து இறுதியாட்டம் தள்ளிவைக்கப்பட்டு, செப்டம்பர் 23ஆம் நாள் நடைபெற்றது. எதிர்த்து ஆடிய குழு வெக்ஸ்போர்டு. ரிங் வென்றிருப்பின் ஒன்பதாவது பதக்கம் பெற்றிருப்பார். அதுவரை எவரும் எட்டாத எண்ணிக்கை அது. அவருக்கோ முப்பத்தாறு வயது நிறைய இன்னும் ஒரு மாதமே இருந்தது.

ஆட்டம் முடியச் சில நிமிடங்களே எஞ்சியிருந்தன. வெக்ஸ்போர்டு இரண்டு புள்ளி முன்னணியில் இருந்தது. ஒரு கோல் விழுந்தால் கோர்க் முந்திவிடும். பந்து ரிங்கிடம் வந்தது. அவர் தடுப்பாளரைக் கடந்து நெருங்கிச் சென்று தம் வலிமையெல்லாம் கூட்டி அடித்தார். வெக்ஸ்போர்டு கோல்காவலர் ஆர்ட் போலி அப்பந்தைத் தடுத்துவிட்டார். அங்கிருந்து மறுமுனைக்குச் சென்ற பந்தை வெக்ஸ்போர்டு வீரர் நிக்கி ராக்கர்டு கோலாக்கினார். கோர்க்கின் நம்பிக்கை அத்துடன் முடிந்தது. வெக்ஸ்போர்டு 2 கோலும் 14 புள்ளியும், கோர்க் 2 கோலும் 8 புள்ளியும் பெற்றன.

தம் ஒன்பதாவது பதக்கத்தைத் தட்டிப் பறித்த அக்கோல்காவலரிடம் ரிங் என்ன செய்தார்? அருகில் சென்று கைகுலுக்கிப் பாராட்டினார். ஆட்டம் முடிந்ததும், வெற்றிபெற்ற வெக்ஸ்போர்டு வீரர்களான நிக் ஓ'டானலும் பாபி ராக்கர்டும் தம் குழுத்தலைவரைத் தூக்கிக் கொண்டாட வேண்டிய அந்த நேரத்தில், தோற்ற ரிங்கைத் தம் தோள்மீது சுமந்து ஆடுகளத்தைவிட்டு வெளியே வந்தனர். வென்றவர் தோற்றவரைத் தோளில் சுமந்த அக்காட்சியை அயர்லாந்து மக்கள் இன்றளவும் மறக்கவில்லை. எட்டுப் பதக்கமும் தந்திராத ஒரு பெருமையை அத்தோல்வி அவருக்குத் தந்தது என்றே நாம் கருதுகிறோம். பதக்கம் திறமைக்குக் கிடைப்பது. எதிரணியினரின் தோளோ மதிப்புக்குக் கிடைப்பது.

அதன்பிறகு அவருக்கு அகில அயர்லாந்துப் பதக்கம் வாய்க்கவில்லை. ஆயினும் அவர் சோர்ந்து போகவில்லை. 1959ஆம் ஆண்டில், ஏறத்தாழ முப்பத்தொன்பது வயதில், அவ்வாண்டின் சிறந்த ஹர்லிங் வீரராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். நான்கு மாநிலங்களுக்கிடையே நடைபெற்ற ரயில்வே கிண்ணப் போட்டியில் மன்ஸ்டர் மாநிலத்துக்காக ஆடி, 1942 முதல் 1963 வரை 18 பதக்கங்கள் பெற்றார். கடைசிப் பதக்கத்தைப் பெற்றபோது அவருக்கு வயது நாற்பத்திரண்டு. தம் ஊர்க் கழகத்தையும் அவர் மறக்கவில்லை. மாவட்டக் குழுவிலிருந்து விலகிய பின்னரும் கிளென் ரோவர்ஸ் கழகத்துக்காகப் பல ஆண்டுகள் ஆடினார். பின்னர்த் தேர்வாளர் குழுவில் இருந்து இளையோர்க்கு வழிகாட்டினார். 1976, 1977, 1978 ஆகிய மூன்று ஆண்டுகளும் கோர்க் பட்டம் வென்றபோது அவர் அப்பணியில் இருந்தார்.

1979ஆம் ஆண்டு மார்ச் 2ஆம் நாள், கோர்க் நகரத் தெருவில் நடந்து செல்கையில் மாரடைப்பால் சாய்ந்து உயிர்நீத்தார். அப்போது அவருக்கு வயது ஐம்பத்தெட்டு. இறுதி ஊர்வலத்தைக் காணப் பல்லாயிரக்கணக்கான மக்கள் சாலையின் இருமருங்கிலும் நின்றனர். பிறந்த மண்ணான குளோயினில் அவர் உடல் அடக்கம் செய்யப்பட்டது. அங்கு இரங்கலுரை ஆற்றிய பிரதமர் ஜாக் லிஞ்ச், இளமையில் கிளென் ரோவர்ஸ் கழகத்திலும் கோர்க் குழுவிலும் ரிங்குடன் தோளோடு தோள் நின்று ஆடியவர். ஒருவர் நாட்டின் தலைமைப் பதவிக்கு உயர்ந்தார். மற்றவர் லோரி ஓட்டினார். ஆடுகளம் அவ்விருவரையும் சமமாகவே வைத்திருந்தது.

அவர் நினைவாகக் குளோயினில் சிலை நிற்கிறது. கோர்க் நகரில் ஒரு பாலமும் ஒரு விளையாட்டுத் திடலும் அவர் பெயரைத் தாங்கியுள்ளன. 2005ஆம் ஆண்டு முதல் மாவட்டங்களுக்கிடையே கிறிஸ்டி ரிங் கிண்ணப் போட்டியும் நடைபெறுகிறது. அவருடைய எட்டுப் பதக்கச் சாதனையைப் பின்வந்தோர் எட்டிப் பிடித்தனர். கில்கெனி வீரர் ஹென்றி ஷெப்லின் 2014ஆம் ஆண்டில் பத்தாவது பதக்கம் பெற்று முந்தினார். சாதனைகள் முறியடிக்கப்படுவது இயல்பே. ஆனால் ஒருவர் தேடிக்கொண்ட நன்மதிப்பை எவரும் முறியடிக்க இயலாது.

மாணவச் செல்வங்களே! ரிங்கிடம் இருந்தது ஒரு கோலும் ஒரு பந்தும் ஓய்வு நேரமுமே. அம்மூன்றும் உங்களிடமும் உண்டு. பள்ளித் திடலில் ஆடுங்கள், நாள்தோறும் பழகுங்கள். வெற்றி பெற்றால் அடக்கத்தோடு ஏற்றுக்கொள்ளுங்கள். தோற்றால் முதலில் எதிரணியினரின் கையைப் பற்றிக் குலுக்குங்கள்.

பெற்றோர்களே! பிள்ளை சிறிது நேரம் ஆடுவதைக் காலத்தை வீணடிப்பதாக எண்ணிவிடாதீர்கள். பயிற்சியும் பொறுமையும் தோல்வியைத் தாங்கும் மனமும் பாடநூலில் மட்டும் கிடைப்பவை அல்ல. லோரி ஓட்டிய ஒரு தொழிலாளி அவற்றை ஆடுகளத்தில் கற்றார். நாடே அவரைத் தலைவணங்கி வழியனுப்பியது. நம் பிள்ளைகளும் அவ்வாறு கற்றுச் சிறக்க வேண்டும் என்பதே நம் விழைவு.