யார் இந்த எர்னஸ்ட் தெசிஜர்? போரில் காயம்பட்ட கைகளால் ஊசி பிடித்த ஹாலிவுட் 'வில்லன்'

ஃபிராங்கன்ஸ்டைன் என்று சொன்னதுமே தையல் போட்ட நெற்றியோடு நடந்துவரும் அந்த ராட்சத உருவம்தான் பலருக்கும் ஞாபகம் வரும். ஆனா, 1935-ல் வெளியான 'பிரைட் ஆஃப் ஃபிராங்கன்ஸ்டைன்' படத்தைப் பார்த்தவர்கள் இன்னொருவரையும் மறந்திருக்க மாட்டார்கள். ஒல்லி உடம்பு, கூரான மூக்கு, கண்ணாடிக் குடுவைக்குள் குட்டி மனிதர்களை வளர்க்கும் டாக்டர் பிரிட்டோரியஸ். அந்த வேடத்தில் நடித்தவர்தான் எர்னஸ்ட் தெசிஜர்.

பிரபு குடும்பத்துப் பிள்ளை

1879 ஜனவரி 15-ல் லண்டனில் பிறந்தார் தெசிஜர். தாத்தா முதலாம் செம்ஸ்போர்டு பிரபு. பள்ளிக்கூடத்தில் மாண்டேகு-செம்ஸ்போர்டு சீர்திருத்தம் படித்திருப்போமே? அதில் வரும் இந்திய வைஸ்ராய் செம்ஸ்போர்டு, இவருக்குப் பெரியப்பா மகன்.

தெசிஜருக்கோ ஓவியத்தில்தான் ஆசை. லண்டன் ஸ்லேட் கலைப் பள்ளியில் படித்தார். 1909-ல், 30 வயதில் நாடக மேடை ஏறினார்.

கைகளில் காயம்

1914-ல் முதல் உலகப் போர் வெடித்தது. அப்போது அவருக்கு 35 வயது. சாதாரண சிப்பாயாகவே ராணுவத்தில் சேர்ந்தார். அடுத்த சில மாதங்களில் பிரான்ஸ் போர்முனையில் குண்டுவீச்சில் சிக்கி, இரண்டு கைகளிலும் காயத்தோடு ஊர் திரும்பினார்.

அவருக்குப் பிடித்த பொழுதுபோக்கு எம்பிராய்டரி. உடல் ஊனமுற்ற போர்வீரர்களுக்கும் இதைக் கற்றுக்கொடுத்தால் என்ன என்று யோசித்தார். உட்கார்ந்த இடத்திலேயே செய்யலாம், கையில் நாலு காசும் வரும். இது பெண்கள் வேலையாச்சே என்று பலரும் நினைத்த காலம் அது. அவர் அதைக் கண்டுகொள்ளவில்லை. போர்வீரர்களுக்கான எம்பிராய்டரி அமைப்பு உருவானதில் அவருக்கு முக்கியப் பங்கு உண்டு. 1941-ல் எம்பிராய்டரி பற்றி ஒரு புத்தகமும் எழுதினார்.

மேடையிலிருந்து ஹாலிவுட்

காயம்பட்டுத் திரும்பிய அதே 1915-ல் அவர் நடித்த 'எ லிட்டில் பிட் ஆஃப் ஃப்ளஃப்' நகைச்சுவை நாடகம், லண்டனில் 1,200 காட்சிகளைத் தாண்டி ஓடியது. 1924-ல் பெர்னார்ட் ஷாவின் 'செயின்ட் ஜோன்' லண்டனில் அரங்கேறியபோது, பயந்தாங்கொள்ளி இளவரசன் வேடம் இவருக்குத்தான்.

அடுத்து சினிமா. 1932-ல் 'தி ஓல்டு டார்க் ஹவுஸ்' படத்துக்காக இவரை ஹாலிவுட்டுக்கு வரவழைத்தார் இயக்குநர் ஜேம்ஸ் வேல். அவரும் முதல் உலகப் போரில் சண்டையிட்டு, ஜெர்மானியர்களிடம் கைதியாக இருந்தவர். மூன்று வருஷம் கழித்து பிரிட்டோரியஸ் வேடத்தையும் அவரே கொடுத்தார். அப்போது தெசிஜருக்கு வயது 56. சிரிப்பையும் பயத்தையும் ஒரே பார்வையில் கலந்து தந்த அந்த நடிப்புதான், இன்றுவரை அவர் பெயரைக் காப்பாற்றி வைத்திருக்கிறது.

கடைசி வரை நடிப்பு

அதன் பிறகும் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் சின்னச் சின்ன வேடங்கள்தான். 1951-ல் வந்த 'தி மேன் இன் தி ஒயிட் சூட்' படத்தில், ஜவுளி முதலாளிகளே நடுங்கும் கிழட்டு முதலாளியாக வந்தார். நிஜத்தில் துணியும் ஊசியுமாக வாழ்ந்த மனிதருக்குக் கச்சிதமாகப் பொருந்திய வேடம் அது!

1960-ல் பிரிட்டிஷ் அரசு அவருக்கு சிபிஇ விருது வழங்கியது. 1961 ஜனவரி 14 அன்று, 82-வது பிறந்தநாளுக்கு ஒரே ஒரு நாள் முன்னதாக, காலமானார். அவரது கடைசிப் படம் அதற்குப் பிறகுதான் திரைக்கு வந்தது.

கதாநாயகனாகக் கொண்டாடப்பட்டவர் இல்லை தெசிஜர். ஆனா, போர் பறித்த பிழைப்பை ஊசியும் நூலும் கொண்டு மீட்டெடுத்த வீரர்களுக்கு, அவர் வெறும் வில்லன் நடிகர் மட்டுமல்ல.