நல்லூரின் கடைசி வேந்தன் சங்கிலி குமாரன்

நம் மங்கலம்பேட்டைக்குத் தெற்கே விருத்தாசலத்தைத் தழுவி ஓடும் மணிமுத்தாறு, கூடலையாற்றூரில் வெள்ளாற்றோடு கலக்கின்றது. அவ்வெள்ளாறு கடலிற் புகும் இடத்தில் உள்ள பட்டினத்திற்குப் பரங்கிப்பேட்டை என்று பெயர். நாம் நாள்தோறும் வழங்கும் அப்பெயரிலேயே ஒரு பெருஞ்சரித்திரம் அடங்கியிருக்கின்றது. பதினாறாம் நூற்றாண்டில் கப்பலேறி வந்த போர்த்துக்கீசியரை நம் முன்னோர் பரங்கியர் என்றனர். நம் கரையில் அவர்கள் வணிகராய் இறங்கினர். கடலுக்கப்பால் யாழ்ப்பாணத்திலோ ஒரு தமிழரசையே விழுங்கினர். அவ்வரசின் கடைசி வேந்தனாகிய சங்கிலி குமாரனுடைய வாழ்க்கையை நம் அன்பர்களும் அவர்தம் இல்லத்தாரும் அறிந்திருத்தல் நலமென்று கருதி இதனை எழுதுகின்றோம்.

யாழ்ப்பாணத்தை ஆண்டவர் ஆரியச்சக்கரவர்த்திகள் எனப்படுவர். செகராசசேகரன், பரராசசேகரன் என்னும் பட்டப்பெயர்களை மாறி மாறிப் புனைவது அவர்கள் மரபு. நந்தியின் உருவமும் சேது என்னும் தமிழ்ச்சொல்லும் பொறித்த காசுகளை அவர்கள் வெளியிட்டனர். முத்து, சங்கு, யானை ஆகியவற்றின் வாணிகத்தால் அந்நாடு செழித்தது. தலைநகர் நல்லூர். அந்நகரின் கிழக்கே வெயிலுகந்த பிள்ளையாரும், மேற்கே வீரமாகாளியும், வடக்கே சட்டநாதரும், தெற்கே கைலாசநாதரும் காவல் தெய்வங்களாய் விளங்க, கந்தசுவாமி கோயில் நகருக்கு உயிராய் நின்றது. யமுனா ஏரி என்னும் தடாகம் அரண்மனைப் பெருமைக்குச் சான்றாக இன்றும் காணப்படுகின்றது.

இந்நாட்டின்மீது பரங்கியர் கண் விழுந்ததற்கு முத்துச்சலாபமும் யானையும் ஒரு காரணம், சமயம் மற்றொரு காரணம். 1519-ல் அரியணையேறிய முதற்சங்கிலி, மன்னாரில் கிறிஸ்து மதம் புகுந்த கரையோர மக்களைப் பரங்கியரின் கையாட்கள் என்று ஐயுற்று, 1544-ல் ஏறக்குறைய அறுநூறு பேரைக் கொல்வித்தான். அரச பதவிக்கு அது மாறாப் பழியேயாகும். 1560-ல் கோவாவின் பரங்கி ராஜப்பிரதிநிதி கொன்ஸ்தந்தீனு தெ பிரகன்சா பெரும் கப்பற்படையோடு வந்து நல்லூரைப் பிடித்தான். ஆயினும் நாட்டு மக்கள் கிளர்ந்தெழவே, அங்கே நிலைக்கமாட்டாமல் மன்னாருக்குத் திரும்பிக் கோட்டை கட்டினான். அரசனும் குடிகளும் ஒன்றுபட்டு நின்ற அன்று நல்லூர் மீண்டது. வாசகர் இதனை நினைவில் வைத்தல் வேண்டும்.

இதனிடையே ஐரோப்பாவில் ஒரு பெருமாறுதல் நிகழ்ந்தது. 1580-ல் ஸ்பெயின் தேசத்து மன்னன் இரண்டாம் பிலிப்பு போர்த்துக்கல்லின் முடியையும் தனதாக்கிக்கொண்டான். 1640 வரையில் இரண்டு தேசங்களுக்கும் ஒருவனே அரசன். மெக்சிகோவின் தலைநகராகிய தெனொச்தித்லான் 1521-ல் ஸ்பானியர்க்கு வீழ்ந்ததும், பெருநாட்டு இன்கா வேந்தன் அதவால்பா 1532-ல் அவர்களிடம் சிறைப்பட்டதும் இந்தப் பிலிப்பின் தந்தை சார்லஸ் மன்னன் காலத்தில். சார்லஸின் பேரனாகிய மூன்றாம் பிலிப்பின் காலத்திலேயே நல்லூருக்கும் முடிவு வந்தது. உலகின் இரு கோடிகளிலும் நகரங்களை விழுங்கியது ஒரே அரச குடும்பத்தின் ஆணை.

1591-ல் பரங்கியர் மீண்டும் படையெடுத்தனர். அப்போது அரசனாயிருந்த புவிராச பண்டாரம் கொல்லப்பட்டான். எதிர்மன்னசிங்கனை அவர்களே அரியணையில் அமர்த்தினர். அவன் திறை செலுத்தி, வெளியே பணிந்து நடந்தான். உள்ளுக்குள்ளோ, கண்டியரசுக்கு உதவியாகத் தமிழகத்திலிருந்து சென்ற வீரர்க்கு வழிவிட்டு வந்தான். இவ்வாறு இருபக்கமும் பார்த்து நாட்டைக் காத்த அவன், 1617-ல் சிறுவனாகிய மகனை விட்டு இறந்தான். அரசகேசரி என்னும் அரச குடும்பத்தான் சிறுவனுக்காக ஆட்சி நடத்துபவனாக ஏற்பட்டான். இரகுவமிசத்தைத் தமிழில் பாடிய புலவன் இவனே என்பர்.

சங்கிலி குமாரன் சரித்திரத்தில் தோன்றுவது இங்கேதான். தோன்றும்போதே அவன் கையில் இரத்தம் இருந்தது. அவன் அரசகேசரியையும் அரச குடும்பத்தார் பிறரையும் கொல்வித்து அதிகாரத்தைக் கைப்பற்றினான். அந்நியன் வாயிலில் நிற்கின்றான் என்பது தெரிந்திருந்தும், பங்காளியின் கழுத்தையே முதலில் அறுத்தான். அன்று அரண்மனையில் ஏற்பட்ட பிளவு பின்னர் அடைபடவேயில்லை.

இரத்தத்தின் வழியே ஏறிய அரியணையில் பிறர் துணையின்றி அமர்ந்திருத்தல் அரிது. தன்னை ஆட்சியாளனாக ஏற்குமாறு சங்கிலி பரங்கியரைக் கேட்டான். அவர்கள் மனமுவந்து இசையவில்லை. 1618-ல் மீகாப்பிள்ளை ஆராய்ச்சி என்னும் தலைவன் முதலியோர் அவனுக்கு எதிராகக் கலகஞ்செய்தனர். சங்கிலி தஞ்சை இரகுநாத நாயக்கரின் உதவியை நாடினான். தஞ்சைப் படை வந்தது, கலகமும் அடங்கியது. மலையாளக் கரையின் கடல்வீரர்க்கும் நெடுந்தீவில் இடங்கொடுத்தான். அவர்கள் பரங்கிக் கப்பல்களைத் தாக்கலாயினர். தன் குடிகளின் அன்பால் பெறவேண்டிய வலிமையைப் பிறர் படையால் பெற முயன்றான் எனலாம்.

பாக் நீரிணையில் தம் கப்பல்கள் இடர்ப்படுவதையும், தஞ்சையின் கை இலங்கை வரை நீள்வதையும் பரங்கியர் பொறுப்பாரோ? திறை நின்றுபோனதும் ஒரு சாக்காயிற்று. 1619-ல் பிலிப்பு தெ ஒலிவேரா என்னும் தளபதி தரைவழியே படை நடத்திச் சென்றான். கடல்வழியே சென்ற மற்றொரு படையை மலையாள வீரர் முறியடித்தனர். தரைப்படையைத் தடுப்பார் இல்லை. சங்கிலியின் சேனை தோற்றது. கடல் வழியே தப்பிச்செல்ல முயன்ற அவனும், குடும்பத்தாரோடு பகைவர் கையில் அகப்பட்டான். 1560-ல் நாட்டை மீட்ட மக்களெழுச்சி இம்முறை அவனுக்காக எழவில்லை.

சங்கிலியைக் கோவாவுக்குக் கொண்டுசென்று, ராஜத்துரோகக் குற்றஞ்சாட்டி விசாரித்தனர். ஓர் அரசன் தன் நாட்டில் ஆண்டதற்கே வேறோர் அரசனுக்குத் துரோகியென்று தீர்ப்புப் பெற்றான்! இறக்குமுன் அவன் கிறிஸ்து மதம் தழுவினான் என்று பாதிரிமார் வரலாறுகள் கூறுகின்றன. 1623-ஆம் ஆண்டளவில் மரண தண்டனை நிறைவேறியது. அரச குடும்பத்தில் எஞ்சியோரிற் பெரும்பாலோர் கிறிஸ்தவத் துறவு மடங்களிற் சேர்க்கப்பட்டனர். அதனால் முடிக்கு உரிமை கேட்க ஒரு வாரிசும் இல்லாமற்போயிற்று.

அதவால்பாவின் வாழ்வை இதனோடு ஒப்பிட்டுப் பார்மின். அவனும் தன் சகோதரன் உவாஸ்காரோடு பொருது முடிகொண்டவன். அப்போர் ஓயுமுன்னரே ஸ்பானியர் வந்து சேர்ந்தனர். அவனும் 1533-ல் ஞானஸ்நானம் பெற்றே கொலையுண்டான். மெக்சிகோவிலும் தெனொச்தித்லானுக்கு அடங்காத திலாஸ்கலா நாட்டாரே ஸ்பானியரின் பெருந்துணையாயினர். வந்தவன் கையிலிருந்த வெடிமருந்து வலியதே. அதற்கு வழிகாட்டியது வீட்டிலிருந்த பகை.

மீகாப்பிள்ளையின் கதையோ இன்னும் பரிதாபத்திற்குரியது. சங்கிலியை எதிர்த்து நின்ற அவன், பரங்கியர் ஆட்சியின் தன்மையைக் கண்டபின், 1620-ல் அவர்களையே எதிர்த்து எழுந்தான். தஞ்சைப் படையும் துணைசெய்தது. ஆயினும் தோல்வியே கிட்டியது. இரண்டு ஆண்டுகளுக்கு முன்னர் அவனும் சங்கிலியும் ஒரே பக்கம் நின்றிருந்தால் என்னாகியிருக்குமோ!

ஒலிவேரா 1621-ல் நல்லூர்க் கந்தசுவாமி கோயிலை இடிப்பித்தான். ஆட்சித்தலத்தையும் நல்லூரிலிருந்து யாழ்ப்பாணப் பட்டினத்திற்கு மாற்றினான். பெருநாட்டுக் குஸ்கோ நகரத்தில் சூரியன் கோயிற் சுவர்களின்மேல் ஸ்பானியர் தேவாலயம் எழுப்பியது போலவே, பழைய கந்தசுவாமி கோயில் இருந்த இடத்திலும் பிற்காலத்தில் கிறிஸ்தவ ஆலயமே எழுந்தது என்று கருதப்படுகின்றது. 1658-ல் ஒல்லாந்தர் பரங்கியரைத் துரத்தினர். அப்போதும் நாடு அதன் மக்களிடம் திரும்பவில்லை.

ஒல்லாந்தர் காலத்தில் மயில்வாகனப் புலவர் இயற்றிய யாழ்ப்பாண வைபவமாலை இரண்டு சங்கிலிகளையும் ஒருவனாகவே கலந்து பேசுகின்றது. காக்கை வன்னியன் என்பவன் காட்டிக்கொடுத்தமையால் அரசு வீழ்ந்தது என்றும் அது சொல்லும். துரோகி ஒருவன்மேல் பழியைச் சுமத்திவிட்டால் ஏனையோர் மனம் அமைதி பெறுவது இயல்பு. ஆயின் உண்மையை நோக்குமிடத்து, நல்லூர்க்கோட்டையின் கதவு 1617-ல் உள்ளிருந்தே திறக்கப்பட்டது. அதனைத் திறந்தவன் சங்கிலியே.

இதனால் அவனை வெறுங்கொடியவன் என்று தள்ளிவிடுதலும் முறையன்று. பரங்கியருக்கு அடங்கி, திறை செலுத்தி, உயிரோடு வாழ அவனுக்கு வழி இருந்தது. அவன் அதனை விரும்பவில்லை. தன் மக்களை இழந்தபின் தனித்து நின்று போராடினான், முடியோடு உயிரையும் கொடுத்தான். நல்லூர் முத்திரைச்சந்தியில் அவனுக்குச் சிலை நிறுத்தியவர்கள் நினைவுகூர்வது அத்துணிவையே. நாம் துணிவையும் போற்றுவோம், பிழையையும் மறவாதிருப்போம்.

கந்தசுவாமி கோயில் 1734-ல் வேறோரிடத்தில் மீண்டும் எழுந்து, இன்றளவும் ஆண்டுதோறும் திருவிழாக் கண்டு வருகின்றது. இடித்த கோயிலை மக்கள் மறுபடி கட்டினர், ஆனால் பங்காளிகளின் பகையால் இழந்த அரசை மீட்டுக்கொள்ள அவர்களால் ஆகவில்லை. பாகப்பிரிவினைப் பகையை மனத்தில் வளர்க்கும் ஒவ்வொரு குடும்பமும் சங்கிலி குமாரனின் சரித்திரத்தை ஒருமுறை சிந்தித்தல் நன்று. பெரியோர் இதனைத் தம் பிள்ளைகட்கும் எடுத்துரைப்பாராக.