கேரன் கார்பென்டர்: டிரம்ஸுக்குப் பின்னால் இருந்து வந்த குரல்

மழை நாளில் கேட்க பழைய ஆங்கில மெலடி தேடியிருக்கிறீர்களா? 'கார்பென்டர்ஸ்' என்ற பெயர் நிச்சயம் கண்ணில் பட்டிருக்கும். அண்ணன் ரிச்சர்ட், தங்கை கேரன். இருவர் மட்டுமே கொண்ட அமெரிக்க பாப் குழு. மனசை உருக்கும் அந்தக் குரல் கேரனுடையது.

யார் இவர்?

1950 மார்ச் 2-ல் கனெக்டிகட் மாநிலத்தின் நியூ ஹேவனில் பிறந்தார். 1963-ல் குடும்பம் கலிஃபோர்னியாவின் டவுனிக்குக் குடிபெயர்ந்தது. பள்ளியில் பி.டி. வகுப்பிலிருந்து தப்பிக்க பேண்டில் சேர்ந்தவருக்கு டிரம்ஸே எல்லாமாகிப் போனது. தன்னைப் பாடவும் தெரிந்த டிரம்மர் என்றுதான் நினைத்தார். ஆனா, பாடுறவங்க முகமே தெரியலையே என்று சொல்லி, அவரை மேடையின் முன்னால் கொண்டுவந்து நிறுத்திவிட்டார்கள்.

எதில் தொடங்கலாம்?

1973-ல் வந்த 'தி சிங்கிள்ஸ்: 1969–1973' தொகுப்பில். மொத்தம் 12 பாடல்கள். அமெரிக்கா, பிரிட்டன் இரண்டிலும் முதலிடம். பிரிட்டனில் மட்டும் 17 வாரங்கள். முதல் பாட்டான 'வீவ் ஒன்லி ஜஸ்ட் பிகன்' ஒரு வங்கியின் டிவி விளம்பரத்தில் பிறந்தது என்றால் நம்ப முடிகிறதா? 'சூப்பர்ஸ்டார்' பாட்டில் நாம் கேட்பது, பேப்பர் நாப்கினில் எழுதிய வரிகளைப் பார்த்து கேரன் பாடிய முதல் டேக் என்று ரிச்சர்ட் பின்னாளில் சொல்லியிருக்கிறார்.

குரலில் என்ன ஸ்பெஷல்?

பலர் உச்சஸ்தாயியில் கைதட்டல் வாங்குவார்கள். கேரனின் பலம் கீழ்ஸ்தாயி. கத்தாமல், பக்கத்தில் உட்கார்ந்து பேசுவதுபோலப் பாடுவார்.

என்ன நடந்தது?

சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டே போகவைக்கும் 'அனோரெக்ஸியா நெர்வோசா' நோய் அவரைப் பிடித்தது. 1975-லேயே உடல் தளர்ந்து இசைப் பயணம் ரத்தானது. தனியாகப் பதிவுசெய்த ஆல்பம் கிடப்பில் போடப்பட்டது, வெளிவந்தது 1996-ல்தான். 1983 பிப்ரவரி 4-ல் இதயம் செயலிழந்து இறந்தார். வயது 32. அதுவரை பலர் கேள்விப்பட்டிராத அந்த நோய் பற்றி, உலகம் வெளிப்படையாகப் பேசத் தொடங்கியது அதன் பிறகுதான்.

இன்று எப்படிக் கேட்பது?

இந்தக் கதை தெரிந்ததும் எல்லாப் பாட்டிலும் அவர் மரணமே கேட்பதுபோல இருக்கும். ஆனால் இந்தத் தொகுப்பு வந்தபோது அவருக்கு வயது 23. எந்தச் சொல்லை எவ்வளவு இழுக்கணும், எங்கே நிறுத்தணும் என்று ஒரு டிரம்மரின் துல்லியத்தோடு பாடியிருக்கிறார். ஹெட்போன் மாட்டி, அந்தத் திறமைக்காக ஒருமுறை கேளுங்கள்.