மௌனப்பட நடிகர் ராஜா சாண்டோ

குற்றாலத்துச் சித்திரசபையைக் கண்டு வணங்காதார் நம் மேலகரத்தில் அரியர். ஆண்டுக் கூத்தப்பெருமான் ஓவிய வடிவில் விளங்குகின்றார். ஓவியம் வாய் திறந்து பேசுவதில்லை. எனினும் அதன்முன் நிற்பார்க்கு ஆடலின் பொருள் விளங்காமற் போவதுமில்லை. சொல்லின்றி மெய்யினாலே பொருளுணர்த்தும் இவ்வாற்றலை மெய்ப்பாடு எனப் பெயரிட்டு, எட்டாக வகுத்து, அதற்கென ஓர் இயலே செய்தார் தொல்காப்பியனார். அவ்வாற்றலையே முதலாகக் கொண்டு, பேசாப்படக் காலத்தில் வடநாடு சென்று புகழெய்திய தமிழர் ஒருவரது வரலாற்றை இத்திங்கள் எடுத்துரைக்க விழைகின்றோம். அவர்தாம் பி. கே. ராஜா சாண்டோ.

இவர் பிறந்தது, தொண்டைமான் மன்னர் ஆட்சியில் தனிச் சமஸ்தானமாய் இருந்த புதுக்கோட்டையில். இயற்பெயர் நாகலிங்கம். இளமையிலேயே தேகப்பயிற்சியில் ஈடுபட்டு உரம்பெற்ற உடலினராயினார். யூஜின் சாண்டோ என்னும் ஜெர்மானியப் பலவானின் பெயர் அக்காலத்தில் நம் நாட்டில் வலிமைக்கே மறுபெயராய் வழங்கிற்று. அப்பெயரே இவர்க்கும் உரியதாயிற்று.

1913-இல் பால்கே என்பார் அரிச்சந்திரன் கதையைப் படமாக்கிய பின்னர், பம்பாயில் படக்கம்பெனிகள் பல தோன்றின. அவற்றுள் எஸ். என். பாடண்கர் என்பாரது கம்பெனியில் சண்டைக் காட்சிகளுக்குரிய நடிகராய் ராஜா சாண்டோ அமர்ந்தார். 1922-இல் பக்த போதனா என்னும் படத்தில் தோன்றினார். அடுத்த ஆண்டில் வெளிவந்த வீர பீமசேனன் இவர்க்குப் பெயர் தந்தது. தோள்வலிக்காக அமர்த்தப்பட்டவர் அதனோடு நின்றாரல்லர். 1926-இல் டெலிபோன் பெண், 1927-இல் கோஹருடன் குணசுந்தரி முதலாய சமூகப் படங்களில் நடித்து, முகக்குறிப்பாலும் அவையோரைக் கவர்ந்தார்.

ஈண்டு நேயர்கள் ஊன்றி நோக்கற்பாலது ஒன்றுண்டு. அந்நாளைப் படங்களில் உரையாடல் எழுத்தாகவே திரையிற் காட்டப்பெறும். எழுத்தறியாதார்க்குக் கொட்டகையில் ஒருவர் நின்று கதையை விளக்குவார். ஆகவே நடிகர்க்கு வேண்டியது மொழியன்று, மெய்ப்பாடே. புதுக்கோட்டைத் தமிழர் குஜராத்தியரும் மராத்தியரும் போற்றும் நடிகராய் விளங்கியது அதனாலன்றோ!

1928-இல் சிநேக ஜோதி என்னும் படத்தால் இவர் டைரக்டருமாயினார். பின்னர்ச் சென்னைக்கு மீண்டு, ஆர். பத்மநாபன் என்பாரது கம்பெனிக்காகப் பேயும் பெண்ணும், நந்தனார், அநாதைப் பெண் முதலிய மௌனப்படங்களை இயக்கினார். 1931-இல் ஆலம் ஆராவும் காளிதாஸும் வெளிவந்து படம் பேசத் தொடங்கவே, மொழிக்கு மொழி வேலி எழுந்தது. மௌனப்பட நடிகர் பலர் அவ்வேலியில் தடுக்குண்டு மறைந்தனர். இவரோ தம் பயிற்சியைத் தமிழுக்கே உரிமையாக்கினார். வடுவூர் துரைசாமி ஐயங்கார் நாவலைத் தழுவி, டி. கே. எஸ். சகோதரர்களையும் என். எஸ். கிருஷ்ணனையும் கொண்டு 1935-இல் எடுத்த மேனகா புராணக் கதைகளினின்று விலகிய படம். 1939-இல் தியாகராஜ பாகவதர் நடித்த திருநீலகண்டரும் இவர் இயக்கியதே. சிவகவியையும் இவரே தொடங்கினார். அதனை முடித்தவர் ஸ்ரீராமுலு நாயுடு. அப்படம் வெளிவந்த 1943-ஆம் ஆண்டிலேயே, ஐம்பது வயது நிரம்புமுன், இவர் காலமானார்.

அந்நாளைய படச்சுருள் எளிதிற் தீப்பற்றுவது. பேணாவிடின் தானே சிதைவது. அதனால் நம் நாட்டு மௌனப்படங்களுள் எஞ்சியன மிகச்சிலவே. சொல்லை விட்டுச் செல்லும் புலவனுக்கு ஏடு துணை. மெய்யாற் பேசிய நடிகனுக்கோ சுருள் அழிந்தால் பெயரொன்றே மிச்சம். அப்பெயரால் தமிழ்நாடு அரசு விருதொன்றை நிறுவியிருப்பது ஓரளவு ஆறுதல் தருகின்றது.

இவர் இன்ன குலத்தவர் என ஆராய்வது நம் கருத்தன்று. இயல், இசை, நாடகம் என மூன்றையும் தமிழென்று போற்றும் நாமே, நாடகத்திற் புகும் பிள்ளையைக் கூத்தாடி என்று இகழ்ந்து வீட்டை விட்டு ஓட்டுவது முறையாமோ? அவ்விகழ்ச்சியை நம் இல்லங்களினின்றும் நீக்குதலே நம் சங்கத்தார் இவர்க்குச் செய்யும் மெய்யான சிறப்பாம்.