எடிட்டிங் ரூமில் கத்தரி பிடித்த கை. தமிழ்நாட்டையே அழ வைத்த டைரக்டர் பீம்சிங்

அண்ணனும் தங்கையும் ரொம்பப் பாசமாக இருந்தால் ஊரில் என்ன சொல்வார்கள்? பெரிய பாசமலர் அண்ணன்-தங்கை என்று கிண்டல் செய்வார்கள். படம் வந்து 60 வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது. பேச்சு மட்டும் இன்னும் போகவில்லை.

பாசமலர் என்றதும் சிவாஜி நினைவுக்கு வருவார். சாவித்திரி கண் முன்னால் நிற்பார். படத்தை எடுத்தவர் யார் என்று கேட்டால்தான் பலரும் கொஞ்சம் யோசிப்பார்கள்.

அவர்தான் ஏ.பீம்சிங். டைரக்டர் நாற்காலியில் உட்காருவதற்கு முன் எடிட்டிங் ரூமில் பிலிம் வெட்டி ஒட்டிக் கொண்டிருந்தவர்.

இருட்டு அறை வேலை

பீம்சிங் பிறந்தது 1924-ல். 1940-களின் கடைசியில் கிருஷ்ணன்-பஞ்சு என்ற இரட்டை டைரக்டர்களிடம் உதவி எடிட்டராகச் சேர்ந்தார். பராசக்தி படத்தை எடுத்த அதே ஜோடிதான். அவர்களில் பஞ்சு, எடிட்டிங்கில் கெட்டிக்காரர். பஞ்சாபி என்ற பெயரில் எடிட்டராகவும் வேலை பார்த்தவர். பீம்சிங்குக்கு கிடைத்த வாத்தியார் அப்படிப்பட்டவர்.

இன்றைக்கு எடிட்டிங் என்றால் கம்ப்யூட்டர் போதும். தப்பாக வெட்டினால் ஒரு பட்டனைத் தட்டி சரி செய்து விடலாம். அன்றைக்கு எல்லாமே கை வேலை.

ஒரு அடி பிலிமில் 16 படம் இருக்கும். திரையில் ஒரு வினாடிக்கு 24 படம் ஓடும். ஆயிரம் அடி சுருள் ஓடி முடிய சுமார் 11 நிமிஷம். 3 மணி நேர சினிமா என்றால் 16 ஆயிரம் அடிக்கு மேல் வரும். இதைப்போல பல மடங்கு பிலிம் எடுத்து வைத்திருப்பார்கள். அத்தனையையும் பார்த்து, வேண்டியதைப் பொறுக்கி எடுக்க வேண்டும்.

படம் ஒரு சுருள், சத்தம் இன்னொரு சுருள். இரண்டும் பொருந்த வேண்டும். கொஞ்சம் பிசகினாலும் உதடு ஒரு பக்கம், வசனம் ஒரு பக்கம் போய்விடும். வெட்டிய முனையை பிளேடால் சுரண்டி, பசை தடவி, அழுத்தி ஒட்ட வேண்டும். தப்பாக வெட்டி மறுபடி ஒட்டினால் அந்த இடத்தில் ஒரு படம் போயே போய்விடும்.

இத்தனை பாடுபட்டாலும் எடிட்டர் முகம் ரசிகனுக்குத் தெரியாது. டைட்டிலில் பெயர் வந்து போகும். அவ்வளவுதான்.

ஆனால் அந்த அறையில் உட்கார்ந்தவனுக்கு ஒரு விஷயம் பிடிபட்டு விடும். ரசிகன் எந்த இடத்தில் அழுவான், எந்த இடத்தில் நெளிவான் என்பது தெரிந்து விடும். பீம்சிங் கற்றுக் கொண்டது அதைத்தான்.

ஆரம்பத்தில் சறுக்கல்

1954-ல் அம்மையப்பன் படத்தில் டைரக்டர் ஆனார் பீம்சிங். கலைஞர் கருணாநிதி வசனம், எஸ்.எஸ்.ராஜேந்திரன் கதாநாயகன். ஆனாலும் படம் ஓடவில்லை.

அடுத்து 1956-ல் ராஜா ராணி. சிவாஜி, பத்மினி, என்.எஸ்.கிருஷ்ணன் நடித்தார்கள். இதற்கும் கலைஞர் வசனம்தான். இதில் வரும் சேரன் செங்குட்டுவன் நாடகத்தில் சிவாஜி பேசும் நீளமான வசனம், ஒரே ஷாட்டில் எடுக்கப்பட்டதாக சினிமா உலகில் இன்றும் பெருமையாகச் சொல்வார்கள். வெட்டுவதையே தொழிலாக வைத்திருந்தவர், எங்கே வெட்டக் கூடாது என்பதையும் தெரிந்து வைத்திருந்தார். இருந்தும் படம் பெரிய வெற்றி பெறவில்லை.

சினிமாவில் இரண்டு படம் சரியாகப் போகாவிட்டால் ராசியில்லாதவர் என்று முத்திரை குத்தி விடுவார்கள். அதற்குப் பிறகு எழுந்து வருவது லேசுப்பட்ட காரியம் இல்லை.

கை கொடுத்த 'ப' எழுத்து

1958-ல் வந்த பதிபக்தி அவரைத் தூக்கி விட்டது. சிவாஜி, சாவித்திரி, ஜெமினிகணேசன் என்று நட்சத்திரப் பட்டாளமே நடித்த படம்.

1959-ல் பாகப்பிரிவினை. கை, கால் விளங்காத கிராமத்து ஆளாக சிவாஜி நடித்தார். கூட்டுக் குடும்பம் உடைகிற கதை. பாகம் பிரித்த வீடு இல்லாத ஊர் ஏது? பட்டி தொட்டி எங்கும் கூட்டம் அலை மோதியது. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும் கிடைத்தது.

1960-ல் படிக்காத மேதை. அதே வருஷம் ஏ.வி.எம்.மின் களத்தூர் கண்ணம்மா. முதலில் அந்தப் படத்தை டைரக்ட் செய்தவர் டி.பிரகாஷ்ராவ். அவர் பாதியில் விலகியதால் பீம்சிங் கைக்கு வந்தது. குழந்தை நட்சத்திரமாக கமல்ஹாசன் அறிமுகமானது இந்தப் படத்தில்தான்.

1961-ல்தான் பீம்சிங் கொடி உச்சத்தில் பறந்தது. மார்ச்சில் பாவமன்னிப்பு, மே மாதம் பாசமலர், செப்டம்பரில் பாலும் பழமும். மூன்றிலும் சிவாஜிதான். மூன்றும் சக்கைப்போடு போட்டன. மூன்றிலும் எடிட்டிங்கில் பீம்சிங் பெயரும் உண்டு. டைரக்டர் ஆன பிறகும் அவர் கத்தரியைக் கீழே வைக்கவில்லை.

பாசமலர் கடைசிக் காட்சியில் தியேட்டரே தேம்பி அழுதது. முந்தானை நனையாமல் வெளியே வந்த பெண்கள் இல்லை என்பார்கள். முகத்தை எவ்வளவு நேரம் காட்டுவது, எந்த நொடியில் அடுத்த ஆளுக்குத் தாவுவது என்பதில்தான் அந்த அழுகையே இருக்கிறது. அது எடிட்டிங் ரூமில் தீர்மானம் ஆவது.

பார்த்தால் பசி தீரும், படித்தால் மட்டும் போதுமா, பார் மகளே பார், பச்சை விளக்கு, பழனி என்று 'ப' வரிசை நீண்டு கொண்டே போனது.

இந்தியிலும் கொடி

தமிழில் ஓடிய கதைகளைத் தூக்கிக் கொண்டு பம்பாய்க்கும் போனார். பாசமலர் 1962-ல் ராக்கி ஆனது. அசோக்குமாருக்கு பிலிம்பேர் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. பாகப்பிரிவினை 1965-ல் கான்தான் ஆனது. அதில் நடித்த சுனில்தத்துக்கும் அதே விருது. திலீப்குமாரை வைத்து ஆத்மி, கோபி ஆகிய படங்களையும் எடுத்தார்.

கடைசியில் புதுப் பாதை

குடும்பக் கதை மட்டும்தான் இவருக்கு வரும் என்று நினைத்தவர்களுக்கு கடைசிக் காலத்தில் பதில் சொன்னார் பீம்சிங். ஜெயகாந்தனின் சில நேரங்களில் சில மனிதர்கள் நாவலைப் படமாக்கினார். மழையில் காரில் ஏறிய ஒரு பெண்ணின் வாழ்க்கை தடம் மாறிப் போகிற கதை. சென்டிமென்ட் கிடையாது. அழுது தீர்த்து வைக்கிற முடிவும் கிடையாது. 1977-ல் வந்த இந்தப் படம் லட்சுமிக்கு சிறந்த நடிகைக்கான தேசிய விருதை வாங்கித் தந்தது.

மறுபடியும் ஜெயகாந்தன் கதையை எடுத்துக் கொண்டு ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள் படத்தை டைரக்ட் செய்தார். அது வெளிவந்த 1978-ம் ஆண்டில், ஜனவரி 16-ந்தேதி பீம்சிங் காலமானார். அப்போது அவருக்கு வயது 53.

மகன் கையில் கத்தரி

தன் குருமார்களில் ஒருவரான கிருஷ்ணனின் சகோதரியைத்தான் பீம்சிங் மணந்திருந்தார். நடிகை சுகுமாரியும் அவரது மனைவி.

மகன் பி.கண்ணன் கேமராமேன் ஆனார். அலைகள் ஓய்வதில்லை, முதல் மரியாதை என்று பாரதிராஜா படங்களில் கிராமத்தைக் கண் முன் நிறுத்தியவர். 2020-ல் காலமானார்.

இன்னொரு மகன் பி.லெனின், அப்பா உட்கார்ந்த அதே எடிட்டிங் மேஜையில் உட்கார்ந்தார். நாயகன், காதலன் போன்ற படங்களின் எடிட்டர் இவர்தான். எடிட்டிங்குக்கு தேசிய விருதும் வாங்கினார்.

பிறகு அப்பாவைப் போலவே டைரக்டரும் ஆனார். ஊருக்கு நூறு பேர் படத்துக்காக சிறந்த டைரக்டருக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. அதுவும் ஜெயகாந்தன் எழுதிய கதைதான்.